லாசரஸ் சொன்ன வேல்ஸ் போதகரின் கதை

ஜெரூஷாவுக்கு வாய் பேச வருவதற்கு முன்பே கை பேச வந்துவிட்டது. அப்பா, அம்மா, அண்ணன் லாசரஸ் மூன்று பேருக்குமே பிறவியிலிருந்து காது கேட்காது. அந்த வீட்டில் காது கேட்கிற ஒரே ஆளாக வந்து பிறந்தவள் அவள். ரேஷன் கடையில் அப்பாவுக்காகச் சண்டை போட்டதும், ஆஸ்பத்திரியில் அம்மாவுக்கு எங்கே வலிக்கிறது என்று டாக்டரிடம் சொன்னதும் அவள்தான். அப்போது பாவாடை சட்டை போடுகிற வயது. வளர்ந்த பிறகும் அந்த வேலை அவளை விடவில்லை. வாரநாட்களில் குரோம்பேட்டையில் ஒரு இன்ஷூரன்ஸ் அலுவலகம். ஞாயிற்றுக்கிழமை என்றால் இரும்புலியூர் சபையில், இடது பக்க முன்வரிசைகளுக்கு எதிரே நின்று, ஆயர் பேசுவதையெல்லாம் சைகையில் சொல்லுவாள். அந்த வரிசைகளில் காது கேளாதவர்கள் இருபது பேருக்கு மேல் உட்கார்ந்திருப்பார்கள்.

"உங்க அண்ணனுக்கு நீதாம்மா வாய்" என்று ஆராதனை முடிந்ததும் யாராவது ஒருவர் அவளிடம் சொல்லாமல் போகமாட்டார்கள். அவளுக்கும் அதில் ஒரு நிறைவு இருந்தது. இல்லையென்று சொல்லமுடியாது.

லாசரஸ் அவளைவிட ஏழு வயது பெரியவன். சானடோரியம் ஏற்றுமதி வளாகத்தில் ஒரு கம்பெனியில் தரம் பார்க்கிற வேலை. அப்பா அம்மா காலத்துக்குப் பிறகு, அஸ்தினாபுரத்தில் அப்பா கட்டிய வீட்டில் மாடியில் அவன், கீழே ஜெரூஷாவின் குடும்பம். அவனுக்குப் படிப்பில் வெறி. வேலைக்குப் போய்க்கொண்டே தபால் வழியில் இறையியல் படித்தான். அந்தப் பாடப்புத்தகத்தில், திருச்சபை வரலாறு என்ற பகுதியின் ஓரத்தில், நாலே வரியில் ஒரு மனிதர் வந்துபோனார். கிரிஃபித் புரோதரோ. பதினெட்டாம் நூற்றாண்டு, வேல்ஸ் நாடு, போதகர், அகராதி தொகுத்தவர். அவ்வளவுதான் இருந்தது.

அந்த நாலு வரி லாசரஸுக்குப் போதவில்லை. வேல்ஸில் ஒரு நூலகத்துக்கு மின்னஞ்சல் எழுதினான். பதில் வந்தது. அவர்கள் அனுப்பிய பழைய பக்கங்களை, பக்கத்தில் இங்கிலீஷ் அகராதியை வைத்துக்கொண்டு, ராத்திரி சாப்பாட்டுக்கும் தூக்கத்துக்கும் நடுவில் கொஞ்சம் கொஞ்சமாகப் படித்தான். இரண்டு வருஷம் அது ஓடியது. ஒருநாள் சாயங்காலம் மாடியிலிருந்து இறங்கிவந்து, ஜெரூஷா வெங்காயம் அரிந்துகொண்டிருந்த மேசையில் தட்டிக் கூப்பிட்டான்.

"அவருக்குப் பேர் வெச்சுட்டேன்" என்றான் கையால்.

காது கேளாதவர்கள் தங்களுக்கு வேண்டியவர்களுக்குச் சைகையில் ஒரு பெயர் வைப்பார்கள். ஒவ்வொரு தடவையும் பெயரை எழுத்து எழுத்தாக விரலால் காட்டிக்கொண்டிருக்க முடியாது. லாசரஸ் இடது உள்ளங்கையை விரித்து, அதிலிருந்து வலது கை விரல்களால் எதையோ ஒவ்வொன்றாகப் பொறுக்கி எடுத்துக் காட்டினான். அரிசியில் கல் பொறுக்குகிற மாதிரி இருந்தது.

"கல்லா?" என்று கேட்டாள் ஜெரூஷா.

"கல் இல்ல, சொல். மலை மலையா ஏறிப் போய் ஒவ்வொரு சொல்லா பொறுக்கினார்."

செப்டம்பர் கடைசியில் சபையில் காது கேளாதோர் ஞாயிறு வரும். ஆயர் எபி அந்த வருஷம் லாசரஸையே பேசச் சொன்னார். யாரைப் பற்றி என்று கேட்டதற்கு லாசரஸ் உள்ளங்கையில் பொறுக்கிக் காட்ட, ஜெரூஷா பெயரைச் சொன்னாள். ஆயர் கேள்விப்பட்டதில்லை. ஆனால் தலையாட்டினார்.

சிக்கல் கமிட்டியில் வந்தது. செயலாளர் ஜாய்சன் கெட்டவன் இல்லை. சபையில் நாற்காலி தூக்கிப் போடுவதிலிருந்து யூடியூப் நேரலை விடுவது வரை எல்லாம் அவன்தான். அவன் ஜெரூஷாவைப் பார்த்துத்தான் பேசினான்.

"அக்கா, தப்பா எடுத்துக்காதீங்க. ஒருத்தர் மேல நின்னு கைய ஆட்டிக்கினே இருந்தா ஜனங்க எவ்ளோ நேரம் பார்ப்பாங்க? குழந்தைங்க கத்தும், பெரியவங்க தூங்கிடுவாங்க. லைவ் வேற போவுது. நீங்க மேல நின்னு நல்லா தமிழ்ல சொல்லிடுங்க. உங்களுக்கு பேச வரும். அண்ணன் பக்கத்துல நின்னு அவங்க ஆளுங்களுக்கு சைகை பண்ணட்டும். ரெண்டு பேருக்கும் ஆச்சு இல்ல?"

ஜெரூஷா அண்ணன் பக்கம் திரும்பினாள். "நான் மேல நின்னு தமிழ்ல சொல்லி, நீயும் கூட நின்னா நல்லா இருக்கும்னு சொல்றார்."

லாசரஸ் ஜாய்சனின் முகத்தைப் பார்த்தான். பிறகு தங்கச்சியைப் பார்த்தான். "அவர் வாய் ரொம்ப நேரம் ஆடிச்சு. நீ சொன்னது இத்துனூண்டு. மீதி எங்க?"

அவளுக்கு முகம் சுருங்கியது. ஆட்டிக்கினே இருந்தா என்பதையும் தூங்கிடுவாங்க என்பதையும் ஒன்றுவிடாமல் சொன்னாள். லாசரஸுக்குக் கோபம் வரும் என்று நினைத்தாள். அவனுக்குச் சிரிப்பு வந்தது. சிரித்து முடித்துவிட்டு நிதானமாகக் கையை எடுத்தான்.

"சின்ன வயசுலேருந்து இந்தச் சபைக்கு வர்றேன். இத்தனை வருஷமா நீங்க ஆயரைப் பார்க்கறீங்க, நான் என் தங்கச்சி கையைப் பார்க்கறேன். ஒரே ஒரு ஞாயிறு நீங்க என்னைப் பாருங்க. தூக்கம் வந்தா தூங்குங்க. நாங்களும் தூங்கியிருக்கோம்."

வேறு நாளாக இருந்தால் ஜெரூஷா இதை, 'அண்ணன் ஒரு வாய்ப்பு கொடுங்கன்னு கேக்கறார்' என்று சொல்லி முடித்திருப்பாள். யாரும் யாராலும் வருத்தப்படவேண்டாம் என்பது அவள் வழக்கம். இப்போது அண்ணன் அவள் உதட்டையே பார்த்துக்கொண்டிருந்தான். அவள் ஒரு மூச்சு எடுத்துக்கொண்டு அவன் சொன்னதை அப்படியே சொன்னாள். நாங்களும் தூங்கியிருக்கோம் என்ற இடத்தில் கமிட்டியில் ஒருவர் இருமினார்.

ஆயர் எபி பேனாவை மூடி வைத்தார். "மேடை லாசரஸுக்கு" என்றார். "ஜெரூஷா கீழ உட்கார்ந்து மைக்ல குரல் கொடுக்கட்டும். ஜாய்சன், கேமராவ அவர் கை நல்லா தெரியற மாதிரி வை."

வீட்டுக்கு வந்ததும் ஜெரூஷாவுக்குக் கோபம் வந்தது. எதற்கு என்று அவளுக்கே சரியாகப் பிடிபடவில்லை. பாத்திரங்களைத் தடால் தடால் என்று போட்டுக் கழுவினாள். லாசரஸ் அதே சமையலறையில் நின்று அமைதியாக வாழைப்பழம் தின்றுகொண்டிருந்தான். இந்த மனிதனிடம் பாத்திரத்தை உருட்டி என்ன பயன் என்று தோன்றியதும் அவளுக்கே சிரிப்பு வந்துவிட்டது. கையைத் துடைத்துக்கொண்டு அவன் எதிரில் போய் நின்றாள்.

"இத்தனை வருஷமா நான்தானே உன் பக்கத்துல நின்னேன்? இப்போ கீழ போய் உட்காருன்னா என்ன அர்த்தம்?"

"நீ பக்கத்துல நின்னா எல்லாரும் உன்னைத்தான் பார்ப்பாங்க" என்றான் லாசரஸ். "அவங்க தப்பு இல்ல. சத்தம் வர்ற பக்கம் கண்ணு போகும். இன்னொண்ணு. 'அண்ணன் சொல்றார்'னு சொல்லாத. நான் 'நான்'னு சொன்னா, நீயும் 'நான்'னு சொல்லு."

மொட்டைமாடியில் ஒத்திகை நடந்தது. மீனம்பாக்கத்துக்கு இறங்குகிற விமானம் தலைக்கு மேல் போகும்போதெல்லாம் ஜெரூஷா நிறுத்துவாள். லாசரஸ் பாட்டுக்குச் சொல்லிக்கொண்டே போவான். வேல்ஸ் பெயர்களை எப்படி உச்சரிப்பது என்று அவள் செல்போனில் கேட்டுக் கேட்டுப் பழகினாள். அந்த ஊர்க்காரர்கள் தங்கள் மொழியைக் கம்ரைக் என்று சொல்லுகிறார்கள். சரியாக வருகிறதா என்று அண்ணனிடம் கேட்டாள். "எனக்கு எல்லாம் ஒண்ணுதான்" என்றான் அவன்.

அந்த ஞாயிறு இடது பக்க வரிசைகள் நிரம்பிப் பின்னாலும் போய்விட்டன. கூடுவாஞ்சேரியிலிருந்தும் மேடவாக்கத்திலிருந்தும் ஆள் வந்திருந்தார்கள். பல்லாவரத்தில் தையல் யூனிட் வைத்திருக்கும் ஷரீஃபாவும் வந்திருந்தாள். லாசரஸோடு காது கேளாதோர் பள்ளியில் ஒன்றாகப் படித்தவள். "சர்ச்சுக்கு வரல, உன் கதைக்கு வந்தேன்" என்று வாசலிலேயே அவனுக்குச் சொல்லிவிட்டு, இரண்டாவது வரிசையில் உட்கார்ந்தாள். ஜாய்சன் ஓடி ஓடி நாற்காலி போட்டான்.

லாசரஸ் மேடைக்கு ஏறினான். கோடு போட்ட சட்டை போட்டால் கை சரியாகத் தெரியாது என்று கறுப்புச் சட்டை போட்டிருந்தான். ஜெரூஷா முதல் வரிசையில், ஜனங்களுக்கு முதுகைக் காட்டி, மைக்கோடு உட்கார்ந்தாள்.

"நான் இன்னிக்கு ஒரு போதகரைப் பத்தி சொல்லப் போறேன்" என்று லாசரஸின் கை சொன்னது. "நான் இன்னிக்கு ஒரு போதகரைப் பத்தி சொல்லப் போறேன்" என்றாள் ஜெரூஷா. பின்னால் சில பேர் குழம்பி அவளை எட்டிப் பார்த்தார்கள்.

அவன் முதலில் மலைகளைக் காட்டினான். திருநீர்மலையை எல்லாருக்கும் தெரியும், மழைக்காலத்தில் ஏரி நிரம்பினால் மலை தண்ணீரில் நிற்கிற மாதிரி இருக்கும். அப்படி நூறு மலையை வரிசையாக வைத்து, படிக்கட்டை எல்லாம் எடுத்துவிட்டு, மேலே புல்லையும் ஆட்டையும் வைத்தால் அதுதான் கிரிஃபித் புரோதரோ பிறந்த ஊர். அப்பா ஆடு மேய்த்தவர். பையன் படிப்பில் கெட்டி. அதனால் இங்கிலாந்தில் பெரிய பல்கலைக்கழகத்தில் இடம் கிடைத்தது. கிடைத்தது என்றால், பணக்கார மாணவர்களுக்குச் சாப்பாடு பரிமாறி, அவர்கள் சாப்பிட்டு எழுந்த பிறகு சாப்பிட்டு, அதற்கு நடுவில் படிக்கிற இடம். அவர் இங்கிலீஷ் பேசினால் அவர்கள் சிரிப்பார்கள். லாசரஸ் அந்தப் பணக்காரப் பிள்ளைகளைப் போல் மூக்கைத் தூக்கி, ஒரு கையில் கிண்ணத்தை நீட்டி, மறு கையால் வாயைப் பொத்திச் சிரித்துக் காட்டினான். அதற்கு ஜெரூஷா குரல் கொடுக்கத் தேவைப்படவில்லை. சபையே சிரித்தது.

படித்து முடித்து போதகராகி ஊருக்குத் திரும்பினார். சொந்தமாகச் சபை கொடுக்கவில்லை, உதவிப் போதகர்தான். அங்கே பிஷப்புகள் எல்லாரும் இங்கிலாந்துக்காரர்கள். ஜனங்களுக்குத் தெரிந்ததோ வேல்ஸ் மொழி ஒன்றுதான். இந்த மொழி இன்னும் ஐம்பது வருஷத்தில் செத்துவிடும், இவர்களுக்கு இங்கிலீஷ் சொல்லிக்கொடு என்று பிஷப் அவருக்குச் சொல்லியனுப்பினார். புரோதரோ மலை ஏறப் போனார். ஆடு மேய்க்கிறவர்களிடம், பிரசவம் பார்க்கிறவர்களிடம், கல் உடைக்கிறவர்களிடம், இதற்கு உங்கள் ஊரில் என்ன சொல்வீர்கள் என்று கேட்டார். எழுதிக்கொண்டார்.

"மழைக்கு மட்டும் அவங்ககிட்ட எத்தனை சொல்லு இருந்துச்சு தெரியுமா?" என்ற லாசரஸ், கைகளை உயர்த்தி மழையைப் பெய்யவைக்க ஆரம்பித்தான். விரல் நுனிகள் மட்டும் அசைகிற ஒரு மழை. "தூறல்" என்றாள் ஜெரூஷா. பக்கவாட்டில் முகத்தில் அடிக்கிற ஒரு மழை. "சாரல்." நின்ற பிறகும் காற்றில் மிதக்கிற ஒன்று. "தூவானம்." நாள் முழுக்க விடாமல் பெய்வது. "அடைமழை." அவன் நிறுத்தவில்லை. சரிந்து வரும் மழை, ஆட்டின் முதுகில் பட்டுத் தெறிக்கும் மழை, மலைக்கு அந்தப் பக்கம் பெய்து இந்தப் பக்கம் வாசம் மட்டும் அனுப்புகிற மழை. ஜெரூஷாவிடம் சொல் தீர்ந்துவிட்டது. "எனக்குத் தெரியலைங்க, பார்த்துக்கோங்க" என்றாள் மைக்கில். சபையில் சந்தோஷமாக ஒரு சிரிப்பு ஓடியது. ஷரீஃபா உட்கார்ந்த இடத்திலிருந்தே தன் பங்குக்கு ஒரு மழையைச் செய்து காட்டினாள்.

அந்த நேரம் பார்த்துக் கரண்ட் போனது.

மின்விசிறிகள் சோம்பலாகச் சுற்றி நின்றன. மைக் செத்தது. ஜாய்சன் இன்வெர்ட்டர் இருக்கிற அறைக்கு ஓடினான். நேரலைக்கு வைத்திருந்த செல்போனில் மட்டும் சிவப்புப் புள்ளி எரிந்துகொண்டிருந்தது. ஜன்னல் வழியாக வந்த வெளிச்சம் மேடைக்குப் போதும். லாசரஸ் ஒரு நொடிகூட நிறுத்தவில்லை. அவனுக்கு நிறுத்துவதற்கு என்ன இருந்தது? இடது பக்க வரிசைகளும் அசையவில்லை. வலது பக்கம்தான் சலசலத்தது. "கேக்கல, கேக்கல" என்று பின்னாலிருந்து குரல் வந்தது.

ஜெரூஷா எழுந்தாள். திரும்பி ஜனங்களைப் பார்த்துக் கத்தினால் அண்ணனின் கை தெரியாது. அவனைப் பார்த்துக் கத்தினால் சத்தம் சுவருக்குத்தான் போகும். இரண்டு வரி அதற்குள் தப்பிப் போயிருந்தது. அவள் செருப்பைக் கழற்றிவிட்டு, நடுப்பாதையில் விறுவிறுவென்று நடந்து, கடைசி வரிசைக்கும் பின்னால் வாசல் கதவில் முதுகைச் சாய்த்து நின்றாள். அங்கிருந்து லாசரஸின் கை சின்னதாகத் தெரிந்தது. ஆனால் தெளிவாகத் தெரிந்தது. தொண்டையைச் செருமிக்கொண்டு, இருந்த பலத்தையெல்லாம் சேர்த்து, எல்லார் தலைக்கும் மேலே குரலைப் போட்டாள்.

"அந்த ஊருக்கு இங்கிலாந்துலேருந்து புதுசா ஒரு பெரிய போதகர் வந்தார். அவருக்கு ஜனங்க மொழியில ஒரு சொல்லுகூடத் தெரியாது."

இப்போது எட்டிப் பார்க்க முன்வரிசையில் ஜெரூஷா இல்லை. கண் போன இடத்தில் லாசரஸ் இருந்தான். குரல் எங்கிருந்தோ பின்னாலிருந்து வந்து அவன் கையில் போய்ச் சேர்ந்தது. சலசலப்பு அடங்கியது.

பனிக்காலத்தில் ஒருநாள் நெஸ்ட் என்ற கிழவி சாகக் கிடந்தாள். நற்கருணை கொடுக்கப் பெரிய போதகர் போனார். அவள் எதையோ சொல்லவேண்டும் என்று துடித்தாள். அவர் புத்தகத்தைத் திறந்து இங்கிலீஷில் வாசித்தார், மூடினார், எழுந்தார். அவள் அவருடைய அங்கியின் கையைப் பிடித்து இழுத்தாள். அவர் அதை விடுவித்துக்கொண்டு போய்விட்டார். பக்கத்து மலையிலிருந்து புரோதரோ ஓடிவந்தபோது அவள் செத்திருந்தாள். என்ன சொல்ல நினைத்தாள் என்று கடைசிவரை யாருக்கும் தெரியாது.

அந்தப் பெரிய போதகரை எடுக்கச் சொல்லி ஊர் ஜனங்கள் திருச்சபை நீதிமன்றத்துக்குப் போனார்கள். சாட்சி சொல்ல ஒருவரும் துணியவில்லை, பிஷப்பைப் பகைத்துக்கொள்ள முடியுமா? புரோதரோ போனார். கூண்டில் நின்ற அவரிடம் வக்கீல் கேட்டார், இந்த ஜனங்கள் இங்கிலீஷ் கற்றுக்கொண்டால் என்ன?

லாசரஸ் புரோதரோவாக நின்றான். தோளை நிமிர்த்தி, எதிரில் இருப்பவரைக் கண்ணோடு கண் பார்த்து, கையை மெல்ல எடுத்தான்.

"சாகப் போறவ எந்தப் பள்ளிக்கூடத்துக்கு ஐயா போவா?" என்றது ஜெரூஷாவின் குரல் வாசலிலிருந்து.

அடுத்து தீர்ப்பு வரவேண்டும். ஒத்திகையில் அப்படித்தான். ஆனால் லாசரஸ் கையைத் தாழ்த்தி ஒரு கணம் நின்றான். பிறகு தன் நெஞ்சில் விரலை வைத்தான். நான்.

இது ஒத்திகையில் இல்லை.

"நான்" என்றாள்.

"என் அப்பா இந்தச் சபைக்கு வந்தப்போ இங்க சைகை கிடையாது. என் தங்கச்சி அப்போ பொறக்கல. அப்பா ஒவ்வொரு ஞாயிறும் சட்டையை இஸ்திரி போட்டு மாட்டிக்கிட்டு வருவார். உட்காருவார். மேடையில வாய் ஆடறதைப் பார்ப்பார். எல்லாரும் எழுந்தா எழுந்துக்குவார். வீட்டுக்குப் போய் அம்மாகிட்ட, இன்னிக்கு ஆயர் சந்தோஷமா இருந்தார், இன்னிக்கு கோவமா இருந்தார்னு சொல்லுவார். அவருக்குக் கிடைச்ச பிரசங்கம் அதுதான்."

ஜெரூஷாவின் குரல் நிற்கவில்லை. நிறுத்தினால் அடுத்தது போய்விடும்.

"அப்பா சாகும்போது அப்போ இருந்த ஆயர் வந்தார். நல்லவர். கட்டில் பக்கத்துல நின்னு, கண்ணை மூடிக்கிட்டு, ஜெபம் பண்ணார். அப்பாவுக்குத் தானும் கண்ணை மூடணுமா, அவரைப் பார்க்கணுமான்னு தெரியல. என்னைப் பார்த்தார். எனக்கும் தெரியல. என் தங்கச்சி அன்னிக்கு வேலை விஷயமா கோயம்புத்தூர் போயிருந்தா."

அவளுக்கு இது தெரியாது. அப்பா அமைதியாகப் போனார், ஆயர் வந்து ஜெபம் செய்தார் என்றுதான் அண்ணன் அன்று சொன்னான். அதற்கு மேல் அவளும் கேட்கவில்லை, அவனும் சொல்லவில்லை. கண்ணில் நீர் கட்டியது. அண்ணனின் கை கலங்கலாகத் தெரிந்தது. துப்பட்டாவால் அழுத்தித் துடைத்துக்கொண்டு கண்ணை அகலத் திறந்தாள். அழுவதற்கு அப்புறம் நேரம் இருக்கிறது.

"நெஸ்ட் கிழவிகிட்ட புரோதரோ ஓடி வந்தார். லேட்டா வந்தார். ஆனா வந்தார். எங்க ஆளுங்களுக்கு யார் வருவாங்கன்னு நான் ரொம்ப நாள் காத்துக்கிட்டு இருந்தேன். இப்போ காத்துக்கிட்டு இல்ல. படிச்சேன். வந்துட்டேன். இங்க நிக்கறேன்."

குரல் உடைந்து கரகரத்தது. இங்க நிக்கறேன் என்பதை அவள் கத்தவில்லை. கத்தும் அளவுக்குத் தொண்டையில் ஒன்றும் மிச்சமில்லை. ஆனால் அந்த அமைதியில் அது மேடைவரை போனது. முன்னால் ஆயர் எபி இரண்டு கையையும் முழங்காலில் ஊன்றி, லாசரஸையே பார்த்துக்கொண்டிருந்தார். இன்வெர்ட்டர் அறையிலிருந்து திரும்பிய ஜாய்சன், தோல்வியைச் சொல்ல வந்தவன், சொல்லாமல் சுவரோரமாகவே நின்றுவிட்டான். இடது பக்கத்தில் முதுகுகள் எல்லாம் நிமிர்ந்திருந்தன. இத்தனை வருஷம் அந்த வரிசைகளை எதிரே நின்று பார்த்த ஜெரூஷா, பின்னாலிருந்து பார்ப்பது இதுதான் முதல் தடவை.

மீதிக் கதையை லாசரஸ் வேகமாகச் சொன்னான். மொழி தெரியாதவரைப் போதகராகப் போட்டது தப்புதான், ஆனால் போட்டாகிவிட்டது, எடுக்க முடியாது என்று தீர்ப்பு வந்தது. புரோதரோவுக்குக் கடைசிவரை சொந்தச் சபை கிடைக்கவில்லை. ஒவ்வொரு ஊராக உதவிப் போதகராகவே மாற்றிக்கொண்டிருந்தார்கள். மாற்றினால் என்ன? ஒவ்வொரு ஊரிலும் புதுச் சொல் கிடைத்தது. தலை நரைத்த பிறகு அகராதி அச்சாகி வந்தது. எழுதப் படிக்கத் தெரியாத விவசாயிகள்கூட வந்து வாங்கினார்கள். படிக்கத் தெரியாதவனுக்கு அகராதி எதற்கு என்று அச்சுக்காரர் கேட்டாராம். எங்கள் சொல் எங்கள் வீட்டில் இருக்கட்டும் என்றார்களாம்.

"ஐம்பது வருஷத்துல செத்துடும்னு சொன்ன மொழி" என்று லாசரஸ் முடித்தான், "இன்னிக்கும் அங்க பள்ளிக்கூடத்துல சொல்லித் தர்றாங்க. டிவியில வருது. தெருப் பலகையில எழுதியிருக்கு. சொன்ன பிஷப் பேரு எனக்குத் தெரியல. தேடினேன், கிடைக்கல."

இடது பக்கம் அத்தனை கைகளும் மேலே போய் விரிந்து அசைந்தன. அது அவர்களுடைய கைதட்டல். வலது பக்கம் சிலர் தட்டினார்கள். சிலர் என்ன செய்வதென்று தெரியாமல் இடது பக்கத்தைப் பார்த்து, அதேபோல் கையைத் தூக்கினார்கள். ஆயர் எபி மேடைக்கு வந்து, இன்று இதற்கு மேல் தனியாகப் பிரசங்கம் எதுவும் வேண்டாம் என்றார். அடுத்த மாதத்திலிருந்து மாதத்துக்கு ஒரு ஞாயிறு லாசரஸ் பேசுவார் என்று அங்கேயே, கமிட்டியைக் கேட்காமலே, அறிவித்தார். ஜாய்சன்தான் முதலில் ஆமோதித்துத் தலையை ஆட்டியது.

நேரலையைப் பற்றி அவன் அப்புறம் சிரித்துக்கொண்டே வந்து சொன்னான். மைக் போனதிலிருந்து சத்தமே பதிவாகவில்லை. செல்போனுக்குச் சத்தம் மைக்கின் வயர் வழியாகத்தான் போய்க்கொண்டிருந்தது. பார்த்துக்கொண்டிருந்த சபைக்காரர்கள், சத்தம் வரலை, சத்தம் வரலை என்று வரிசையாக எழுதியிருந்தார்கள். அதற்கு நடுவில் நாகர்கோவில், திருச்சி, சேலம் என்று எங்கெங்கோ இருந்து காது கேளாதவர்கள் ஒருவருக்கு ஒருவர் அனுப்பிப் பார்த்திருக்கிறார்கள். அவர்களில் ஒருவர் எழுதியிருந்தார்: நன்றாகத் தெரிகிறது, நிறுத்தாதீர்கள்.

"அக்கா, மிச்ச ஜனங்களுக்கு நீங்க திரும்ப ஒருதடவை குரல் குடுத்து ரெக்கார்ட் பண்ணிடலாமா?" என்றான்.

ஜெரூஷா பதில் சொல்ல வாயைத் திறந்தாள். காற்றுதான் வந்தது. குரல் முழுக்கப் போயிருந்தது. கையால், அப்புறம் பார்க்கலாம் என்றாள். ஜாய்சனுக்குப் புரிந்தது.

வெளியே ஜி.எஸ்.டி. சாலையோர டீக்கடையில் கூட்டமாக நின்றார்கள். லாசரஸ் கடைக்காரருக்கு விரல் காட்டி டீ சொல்லி, ஒரு டம்ளரைத் தங்கச்சியிடம் கொடுத்தான். அவள் டம்ளரைக் கட்டைச் சுவரில் வைத்துவிட்டுக் கேட்டாள்.

"அப்பா விஷயம் ஏன் சொல்லல?"

"சொல்லியிருந்தா அன்னிக்கு ஊருக்குப் போனதை நினைச்சு அழுதுக்கிட்டே இருந்திருப்ப. நீ போனது தப்பு இல்ல. அந்த ஆயரும் கெட்டவர் இல்ல. எங்க மொழி தெரிஞ்ச ஒருத்தர் அங்க இல்ல, அவ்ளோதான். அதைச் சொல்ல எனக்கு ஒரு மேடை தேவைப்பட்டுச்சு."

"நான் சரியா சொன்னேனா?"

"எனக்கு எப்படித் தெரியும்?" என்றான் லாசரஸ். "ஆனா ஜனங்க முகத்தைப் பார்த்தேன். நான் எங்க நிறுத்தினேனோ அங்க அவங்க மூச்சும் நின்னுச்சு."

அவள் இன்னும் ஏதோ கேட்கப்போனாள். அதற்குள் சபையில் பாட்டுக்குழு நடத்துகிற சவுரிமுத்து சார் வந்துவிட்டார். வழக்கமாக நேரே ஜெரூஷாவிடம் வந்து, 'அண்ணன்கிட்ட சொல்லும்மா' என்பவர். இன்று செல்போனில் எதையோ தட்டி லாசரஸிடமே நீட்டினார். லாசரஸ் படித்துவிட்டுப் பதில் தட்டிக் காட்டினான். அவர் படித்துச் சிரித்தார். அவருக்குப் பின்னால் இரண்டு பெண்கள், தங்கள் செல்போனைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார்கள். அவர்களில் ஒருத்தி ஷரீஃபாவிடம் சாரல் மழைக்கு எப்படிக் கை வைக்கவேண்டும் என்று செய்து காட்டிக் கேட்டுக்கொண்டிருந்தாள். ஷரீஃபா அவளுடைய மணிக்கட்டைப் பிடித்துச் சரிசெய்தாள்.

ஜெரூஷாவை யாரும் கூப்பிடவில்லை. எந்தக் கல்யாணத்திலும், எந்த விசேஷத்திலும் அவள் சூடாக எதையும் சாப்பிட்டு முடித்ததில்லை. பாதி இட்லியில் யாராவது வந்து, கொஞ்சம் சொல்லும்மா என்பார்கள். இப்போது கட்டைச் சுவரில் சாய்ந்து டீயை எடுத்தாள். ஆவி பறந்தது. எரிகிற தொண்டைக்கு இதமாக இருந்தது. ஒரு வாய் குடித்துவிட்டு, கறுப்புச் சட்டையில் நடுவே நின்று ஆட்களுக்குப் பதில் சொல்லிக்கொண்டிருந்த அண்ணனைப் பார்த்தாள். பக்கத்தில் டீ குடித்துக்கொண்டிருந்த வழிப்போக்கர் ஒருவர் அவளிடம், "அவரு யாரும்மா, இவ்ளோ பேரு சுத்திக்கினு கீறாங்க?" என்று கேட்டார்.

அவளுக்குக் குரல் இல்லை. செல்போனை எடுத்து, 'எங்க போதகர்' என்று தட்டி அவரிடம் காட்டினாள்.